துரைக்கு டிஸ்டோமா

ஒரு துண்டு ஈரலுக்காக ஒரு மனுஷன் இருபத்திரண்டு வருஷம் காத்துக் கிடந்தான் என்று யாராவது சொன்னால் நம்புவீர்களா? இலஞ்சி குற்றாலிங்கம் அண்ணாச்சியைப் பார்த்திருந்தால் நம்புவீர்கள். ஈரல் கிடைக்காத ஊர் இல்லை அது. தென்காசியில் அவருடைய ஜெராக்ஸ் கடைக்கு நாலு கடை தள்ளிக் கறிக்கடை. கால் கிலோ கேட்டால் சிரித்துக்கொண்டே பொட்டலம் கட்டித் தருவார்கள். ஆனால் அது வேறு ஈரல். அண்ணாச்சி காத்திருந்தது மாடசாமி கோயில் ஆடிக் கொடைத் திருவிழாவில் வெட்டுகிற முதல் கிடாவின் ஈரலுக்கு.

கோயில் இருபத்திரண்டு குடும்பத்துக்குப் பாத்தியம். வருஷத்துக்கு ஒரு குடும்பத்துக்கு முதல் கிடா முறை வரும். உச்சிக்கொடை நேரத்தில் கிடாவை வெட்டி, ஈரலை அங்கேயே கங்கில் சுட்டு, ஒரு துண்டு சாமிக்கு, அடுத்த துண்டு கிடா கொடுத்தவருக்கு. தலையில் பரிவட்டம், கழுத்தில் மாலை, கையில் வாழை இலை, சுற்றிலும் மொத்த சனமும் நின்று பார்க்கும். அந்தத் துண்டை மென்று முழுங்கிவிட்டு மீசையைத் துடைக்கிற அரை நிமிஷத்துக்காகத்தான் அண்ணாச்சி மீசையே வைத்திருந்தார்.

கிடாவுக்கு விதிமுறை உண்டு. கறுப்பாக இருக்க வேண்டும். நொண்டி, சொறி, நோய் எதுவும் ஆகாது. கடைசியாக, மஞ்சள் தண்ணீர் ஊற்றினால் தலையைச் சிலுப்பி உடம்பை உதற வேண்டும். அதுதான் சாமியின் உத்தரவு. இந்தக் கடைசி விதியைப் பற்றி யாரும் கவலைப்பட்டதே கிடையாது. தண்ணீர் பட்டு உதறாத ஆடு எந்த ஊரில் இருக்கிறது? மற்றபடி ஏதாவது குறை வந்தால் முறை அடுத்த குடும்பத்துக்குப் போய்விடும். அடுத்த குடும்பம், அண்ணாச்சியின் பங்காளி தில்லைநாயகம். அந்த மனுஷர் ஏற்கனவே ஒரு கறுப்புக் கிடாவை வாங்கி வாசலில் கட்டிப் போட்டு, "சும்மா ஒரு பாதுகாப்புக்கு அண்ணாச்சி" என்று பல்லைக் காட்டிக்கொண்டிருந்தார்.

அண்ணாச்சியின் கிடாவுக்குப் பெயர் துரை. பெயர் வைத்தது அவர் இல்லை. அவர் சம்சாரம் உமா மகேஸ்வரி. பெண்கள் பள்ளிக்கூடத்தில் முப்பது வருஷம் விலங்கியல் டீச்சர். தாய் ஆடு செத்துப்போக, மூணு நாள் குட்டியாகக் கிடந்த துரையைப் பால்புட்டி வைத்து வளர்த்தவள் அவள்தான். போன வருஷம் அண்ணாச்சிக்குச் சிறுநீரகத்தில் கல். ஸ்கேன் எடுக்கிற இடத்தில் வலி தாங்காமல், "மாடசாமி, கல்லு போயிட்டா எங்க வீட்டுத் துரையைத் தாரேன்" என்று வேண்டிக்கொண்டுவிட்டார். உமாவை ஒரு வார்த்தை கேட்கவில்லை. கல் போய்விட்டது.

"கல்லு கரைஞ்சது நான் மூணு மாசம் குடுத்த வாழைத்தண்டுச் சாறுலல்லா? நேர்த்திக்கடன்னா வாழையை வெட்டுங்க. துரையை ஏன் வெட்டுதீங்க?" என்று உமா கேட்டாள்.

"சாமி விஷயத்துல நீ வாய் வைக்காத" என்றார் அண்ணாச்சி.

அன்றைக்கு வாயை மூடிக்கொண்டவள்தான். ஒன்பது மாசமாக அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. அதுதான் அண்ணாச்சிக்கு உறுத்தியது. அவர் பொதுவாகவே சந்தேகப் பேர்வழி. பாலை மோந்து பார்த்துத்தான் குடிப்பார். கேஸ் சிலிண்டரைத் தூக்கிப் பார்த்துத்தான் வாங்குவார். கடைக்கு யாராவது பத்திரம் ஜெராக்ஸ் எடுக்க வந்தால், வில்லங்கம் ஏதும் இருக்கா என்று ரெண்டு வரி படிக்காமல் பொத்தானை அமுக்க மாட்டார். அப்படிப்பட்டவர் வீட்டில் ஒருத்தி ஒன்பது மாசம் சண்டை போடாமல் இருந்தால் அவருக்கு எப்படித் தூக்கம் வரும்?

கொடைக்கு ஒரு மாசம் இருக்கும்போது, ஒரு நாள் காலையில் தோசை வைத்துக்கொண்டே உமா சொன்னாள். "துரை ரெண்டு நாளா ஒரு மாதிரி இருக்கான். டிஸ்டோமாவா இருக்குமோன்னு தோணுது."

அண்ணாச்சியின் கை சட்னியிலேயே நின்றது. "என்னது?"

"டிஸ்டோமா. தட்டைப் புழு. ஈரலுக்குள்ள போய் உக்காந்துக்கிடும்."

"ஈரல்லயா?"

"ஈரல்லதான். எலை மாதிரி இருக்கும். வெட்டிப் பார்த்தாத் தெரியும், நெளியும்."

அண்ணாச்சி தோசையைப் பார்த்தார். பரிவட்டம், மாலை, வாழை இலை, இலையில் சுட்ட ஈரல், ஈரலில் நெளிகிற ஒன்று, அதைத் தில்லைநாயகம் குனிந்து பார்ப்பது, எல்லாம் கண் முன்னால் வந்துபோயின. தோசையைத் தள்ளி வைத்துவிட்டார்.

"எப்படி வந்திருக்கும்?"

"வயக்காட்டுத் தண்ணியில நத்தை கெடக்கும்லா? நத்தைக்குள்ள வளந்து, வெளிய வந்து, புல்லுல ஒட்டிக்கிட்டுக் கெடக்கும். ஆடு புல்லைத் திங்கும்போது உள்ள போயிரும். இங்கன சுத்திலும் நெல்லு வயல்தான?"

"பேரு என்ன சொன்ன?"

"டிஸ்டோமா. ரெண்டு வாய்னு அர்த்தம்."

"ரெண்டு வாயா? ஒரு வாய்க்கே..." என்று ஆரம்பித்தவர், எதிரே நிற்பது யார் என்று நினைவு வந்து நிறுத்திக்கொண்டார்.

கடைக்குப் போகிற வழியெல்லாம் அதே யோசனை. துரைக்கு நோய் என்று சொன்னால் யாருக்கு லாபம்? கிடாவில் குறை. வெட்டு கிடையாது. துரை தப்பித்தான். ஆகா, இதுதானா ஒன்பது மாச மௌனம்! புழுவும் கிடையாது, மண்ணும் கிடையாது. அவளே ஒரு பெயரை உருட்டி விட்டிருக்கிறாள்.

கடையில் ஷட்டரைத் தூக்கினதும் முதல் வேலையாகப் போனில் அந்தப் பெயரைத் தட்டினார். இருந்தது. கிரேக்கச் சொல்லாம். ஆட்டின் ஈரலில் இருக்கிற புழுவுக்குப் பழைய பெயராம். பழைய பாடப் புத்தகங்களில் வருமாம், இப்போது வழக்கில் இல்லையாம். அண்ணாச்சி நாற்காலியில் சாய்ந்தார். வழக்கில் இல்லாத பெயரை எதற்குச் சொல்ல வேண்டும்? காலாவதியான மருந்தை யாராவது கொடுத்தால் சும்மா விடுவோமா? சந்தேகம் ஒரு சாண் வளர்ந்தது.

மத்தியானம் கால்நடை டாக்டர் ஹஸீபாவைப் பார்க்கப் போனார். சின்ன வயசுப் பெண், கெட்டிக்காரி.

"டிஸ்டோமாவா அண்ணாச்சி?" என்று அவள் சிரித்தாள். "அந்தப் பேரை இப்ப யாரும் சொல்லுதது இல்ல. நாங்க ஃபேசியோலாம்போம். ஆடு மேய்க்கிறவங்க ஈரல் புழும்பாங்க. எல்லாம் அதே புழுதான்."

"ரெண்டு வாயாமே?"

"பேருக்கு ரெண்டு. மொதல்ல பார்த்தவங்க உடம்புல ரெண்டு வட்டத்தைப் பார்த்துட்டு ரெண்டும் வாய்னு நெனைச்சுட்டாங்க. நெசத்துல ஒண்ணுதான் வாய். மத்தது சும்மா ஒட்டிப் பிடிச்சுக்கிடற உறிஞ்சி. மேல இருக்க வாயைத்தான் எல்லாரும் பார்ப்பாங்க அண்ணாச்சி. விடாமப் பிடிச்சுக்கிட்டு இருக்கது கீழ உள்ளது."

"இவ்வளவு வெவரமாச் சொல்லுதியே, எங்க படிச்சம்மா?"

"நம்ம உமா டீச்சர்கிட்டதான். பிளஸ் டூவுல அவங்க நடத்தினது இன்னும் அப்படியே மனசுல நிக்கி. டீச்சர் நல்லா இருக்காங்களா?"

அண்ணாச்சி நெற்றியைத் துடைத்துக்கொண்டு எழுந்தார். டீச்சரின் ஆள்! டீச்சர் என்ன சொல்லச் சொன்னாளோ அதைத்தான் சொல்லுவாள். சாணியைக் கொண்டுவந்தால் சோதித்துச் சொல்கிறேன் என்றாள். அவள் கையில் சாணியைக் கொடுத்தாலும் ஒன்றுதான், தீர்ப்பை உமா கையில் கொடுத்தாலும் ஒன்றுதான்.

தென்காசி, குற்றாலம், செங்கோட்டை எங்கே திரும்பினாலும் உமாவிடம் படித்த பெண்தான் வெள்ளைக் கோட்டுப் போட்டு உட்கார்ந்திருந்தது. முப்பது வருஷம் என்றால் சும்மாவா? கடைசியில் பக்கத்துக் கடை நாசரின் லோடு ஆட்டோவைப் பிடித்துத் திருவேங்கடத்துக்குக் கிளம்பினார். கரிசக்காடு, வானம் பார்த்த பூமி. அங்கே அவளுடைய கை நீளாது.

"ஒரு ஆட்டுப் புழுக்கைக்கு இவ்வளவு தூரமா அண்ணாச்சி?" என்றான் நாசர்.

"நீ ஓட்டுலே. புழுக்கை இல்ல இது, சாட்சி."

சாட்சியை லேமினேஷன் கவரில் போட்டு மடியில் வைத்திருந்தார். கடையில் புதுப் பையன் அதை மிஷினுக்குள் விடப் பார்த்ததைத் தடுத்தது பெரும்பாடு.

திருவேங்கடத்துக் கால்நடை டாக்டர் முத்துராஜ் கவரை வாங்கினார். கரைத்தார், வடித்தார், கண்ணாடித் துண்டில் வைத்துக் கருவிக்குள் குனிந்து ரொம்ப நேரம் பார்த்தார். அண்ணாச்சி மாடசாமியை ஏழு தடவை கூப்பிட்டார்.

"ஒரு முட்டை கூட இல்ல. ஆடு சுத்தமா இருக்கு. எதுக்கும் இன்னொரு தடவை பார்த்துட்டேன், இல்ல. எங்க பக்கம் தண்ணியே கெடையாது, நத்தைக்கு எங்க போக? இந்தப் புழுவைப் பார்த்தே வருஷம் ஆச்சு. யார் சொன்னது உங்களுக்கு டிஸ்டோமான்னு?"

"வீட்டுல. டீச்சர். பேரு உமா மகேஸ்வரி."

முத்துராஜ் எழுந்தே நின்றுவிட்டார். "இலஞ்சி டீச்சரா? அவங்க நோட்ஸை ஜெராக்ஸ் எடுத்துப் படிச்சுத்தான சார் நான் பிளஸ் டூ பாஸாகிக் காலேஜுக்குப் போனேன்! தென்காசியில ஒரு கடையில எடுத்தோம். அங்கன ஒருத்தர், நோட்ஸைப் பூரா வாசிச்சுட்டுத்தான் மிஷின்ல வைப்பாரு."

அண்ணாச்சி அந்த ஒருத்தர் யார் என்று சொல்லவில்லை. ஆனால் மனசு குளிர்ந்துபோனது. எதிரியின் ஆளே கொடுத்த தீர்ப்பு! வழியில் நாசருக்குப் புரோட்டாவும் சால்னாவும் வாங்கிக் கொடுத்தார். அவர் யாருக்கும் வாங்கிக் கொடுத்துப் பார்த்திராத நாசர், என்ன ஏதென்று தெரியாமல் பயந்துகொண்டே சாப்பிட்டான்.

வீட்டுக்குள் நுழைந்ததும் சீட்டை நீட்டினார். "ஏட்டி, வாசி. சத்தமா வாசி."

உமா மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு வாசித்தாள். முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. "நல்லதாப் போச்சு. எனக்கும் ஒரு சந்தேகம்தான். இருக்குமோன்னுதான சொன்னேன்? இருக்குன்னா சொன்னேன்?"

"உன் பருப்பு என்கிட்ட வேகாது, ஆமா."

"சரிங்க. சாமிக்குக் குடுக்கது குடுக்கதுதான். ஒண்ணே ஒண்ணு மட்டும் கேளுங்க." குரலை இறக்கிக்கொண்டாள். "கொடை வரைக்கும் துரையைக் குளிப்பாட்டிராதீங்க. சாரல் நேரம். சளி பிடிச்சிரும். தண்ணியே படக்கூடாது அவன் மேல."

சொல்லிவிட்டு அடுக்களைக்குள் போய்விட்டாள். அண்ணாச்சி அங்கேயே நின்றார். இது என்ன புதுசாக? டிஸ்டோமா பலிக்கவில்லை என்றதும் அடுத்த அம்பை எடுத்துவிட்டாளா? குளிப்பாட்டக் கூடாதாம். ஏன்? குளிப்பாட்டாவிட்டால் ஆடு அழுக்காகும். அழுக்கானால் சொறி வரும். சொறி வந்தால் குறை. குறை வந்தால் தில்லைநாயகம். அட, இவ்வளவுதானா! அண்ணாச்சிக்குத் தன் மூளையை நினைத்துத் தனக்கே பெருமையாக இருந்தது.

மறுநாள் காலை ஆறு மணிக்குப் புழக்கடையில் வாளி சத்தம் கேட்டது.

முதல் நாள் துரை படுத்திய பாடு கொஞ்சமில்லை. ஒரு சொம்புத் தண்ணீர் ஊற்றினதும் உடம்பைச் சிலுப்பி ஒரு உதறு உதறியது பாருங்கள், அண்ணாச்சி தலையிலிருந்து வேட்டி வரை நனைந்து, அவரே குளித்த மாதிரி ஆகிவிட்டார். ரெண்டாவது சொம்புக்கு அவரை முட்டி வாழைக் கன்றுக்குள் தள்ளியது. உமா ஜன்னல் வழியே கத்தினாள்.

"குளிப்பாட்டாதீங்கன்னு சொல்லுதேன்லா! அவனுக்கு ஆகாதுங்க!"

"உனக்குத்தான் ஆகாது!" என்று வாழைக் கன்றுக்குள்ளிருந்து பதில் வந்தது.

அப்போதுதான் ஜன்னல் திண்டில் கடலை மிட்டாய் டப்பா கண்ணில் பட்டது. அவருக்குச் சர்க்கரை இருப்பதால் எட்டாத பரணில் ஏற்றி வைத்திருந்த டப்பா. அது எப்படிப் புழக்கடைக்கு வந்தது? பாலை மோந்து பார்க்கிற மனுஷர், சிலிண்டரைத் தூக்கிப் பார்க்கிற மனுஷர், இதை மட்டும் சந்தேகப்படவில்லை. மறந்து வைத்துவிட்டாள் என்று சந்தோஷப்பட்டார். தனக்கு ஒன்று, துரைக்கு ஒன்று. மிட்டாயை மெல்லும்போது துரை தண்ணீரை மறந்து நின்றது. ஆகா, இதுதான் வழி!

அப்புறம் தினமும் அதே கதைதான். ஒரு சொம்பு, ஒரு மிட்டாய். நாலாம் நாள், கோயிலில் எப்படியும் மஞ்சள் தண்ணீர்தானே, சொறிக்கும் நல்லது என்று மஞ்சள் தூளைக் கலந்தார்.

"மஞ்சத்தூளைத் தொடாதீங்க. சமையலுக்கு வேணும்" என்றாள் உமா.

மறுநாளிலிருந்து ரெண்டு கை அள்ளிப் போட்டார். ஒரு வாரத்தில் கறுப்புத் துரை மஞ்சள் பூத்து நின்றது. பத்தாம் நாள் உதறுவது குறைந்தது. பதினைந்தாம் நாள், வாளி சத்தம் கேட்டாலே கயிற்றை இழுத்துக்கொண்டு தானாக வந்து நின்றது. சொம்பைத் தூக்கினால் கண்ணை மூடிக் கழுத்தை நீட்டியது. அண்ணாச்சி அக்கம்பக்கத்தில் சொல்லிப் பெருமைப்பட்டார். "நான் சொன்னா கேக்குது பாத்தீங்களா? பக்குவம்னு ஒண்ணு இருக்கு."

தினமும் உமா ஜன்னலில் நின்று வேண்டாம் வேண்டாம் என்றுதான் சொன்னாள். ஒரு நாள் கூடத் தவறவில்லை. அவள் சொல்லச் சொல்ல அண்ணாச்சிக்குச் சொம்பு ரெண்டு கூடியது.

ஞாயிற்றுக்கிழமைகளில் நாசரின் ஆட்டோவில் துரையைக் குற்றாலத்துக்கே கூட்டிப் போனார். அருவிக்குள் ஆட்டை விடமாட்டார்கள் என்பதால், கீழே சிற்றாற்று ஓடையில் இறக்கினார். சீசன் கூட்டம். எண்ணெய் மசாஜ் செய்கிற ஆள் ஒருத்தர் ஓடி வந்தார்.

"அண்ணாச்சி, எண்ணெய் போட்டு விடட்டா? ஆளுக்கா, ஆட்டுக்கா?"

"ஆட்டுக்கு எவ்வளவு?"

"கால் நாலு இருக்குல்லா? டபுள்."

போட்டுவிடச் சொன்னார். துரை பாறைமேல் படுத்துக்கொண்டு எண்ணெய் தேய்த்துக்கொண்டது. கேரளாவிலிருந்து வந்த ஒரு குடும்பம் பக்கத்தில் நின்று போட்டோ எடுத்தது. துரை போட்டோவுக்கு முகத்தைத் திருப்பியது. அன்றைக்கு அண்ணாச்சி, "இருபத்திரண்டு குடும்பத்துல இப்படி ஒரு கிடா எவன்கிட்ட இருந்திருக்கு?" என்று நாசரிடம் கேட்டார். நாசர் யோசித்து, "மனுஷனுக்கே இந்தக் கவனிப்பு கெடையாது அண்ணாச்சி" என்றான்.

கொடை நாள் வந்தது. மேளம், வில்லுப்பாட்டு, பொங்கல் பானை, பந்தல் நிறையச் சனம். மேற்கே மலையில் மேகம் இறங்கி லேசாகச் சாரல் விழுந்துகொண்டிருந்தது. அண்ணாச்சி பட்டு வேட்டி கட்டி, மீசையைச் சீவி, துரையைக் கயிற்றில் பிடித்து வந்தார். துரையின் உடம்பு மஞ்சளுக்கு அடியில் கன்னங்கரேலென்று பளபளத்தது. பூசாரி சுற்றி வந்து பார்த்தார். காலைத் தூக்கிப் பார்த்தார், பல்லைப் பார்த்தார்.

"ஒரு குறை சொல்ல முடியாது" என்றார் பூசாரி.

அண்ணாச்சி கூட்டத்தில் தில்லைநாயகத்தைத் தேடிக் கண்டுபிடித்து ஒரு பார்வை பார்த்தார். அப்புறம் உமாவைப் பார்த்தார். அவள் பெண்கள் பக்கம் கை கட்டி, தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். ஒரு நிமிஷம் அண்ணாச்சிக்கே பாவமாக இருந்தது. பால்புட்டி கொடுத்து வளர்த்தவள். புதுச் சேலை எடுத்துக் கொடுத்துச் சமாதானம் பண்ணிவிட வேண்டும் என்று நினைத்துக்கொண்டார்.

துரைக்கு மாலை போட்டார்கள். மேளம் உச்சிக்குப் போனது. பூசாரி செம்பில் மஞ்சள் தண்ணீரை எடுத்து, "உத்தரவு குடு சாமி" என்று தலையில் ஊற்றினார்.

துரை கண்ணை மூடிக் கழுத்தை நீட்டியது.

கூட்டம் காத்திருந்தது. துரையும் காத்திருந்தது. சிலுப்பவில்லை. உதறவில்லை. காதைக் கூட ஆட்டவில்லை.

"இன்னொரு செம்பு ஊத்துங்க" என்றார் அண்ணாச்சி.

ரெண்டாவது செம்பு. துரை முதுகைத் திருப்பிக் காட்டியது, அங்கேயும் ஊற்று என்கிற மாதிரி. பெண்கள் பக்கம் யாரோ களுக்கென்று சிரித்தார்கள்.

"ஏலே துரை, சிலுப்புலே" என்று அண்ணாச்சி காதோடு கெஞ்சினார். "நல்ல பிள்ளல்லா. ஒரே ஒரு உதறு."

மூணாவது செம்பு. இதுதான் கடைசி, அதுதான் வழக்கம். தண்ணீர் சொட்டச் சொட்டத் துரை மெல்லத் திரும்பி, அண்ணாச்சியின் மடியை மோந்து, வேட்டி மடிப்புக்குள் மூக்கை விட்டுக் கடலை மிட்டாயைத் தேடியது. அண்ணாச்சி பின்னால் போகப் போக அதுவும் கூடவே வந்தது. பந்தலே சிரித்தது. மேளக்காரர் அடிக்க முடியாமல் குச்சியைக் கீழே வைத்துவிட்டார்.

பூசாரி செம்பைக் கவிழ்த்தார். "சாமி ஏத்துக்கிடல. இது இனிமே கோயில் கிடா. யாரும் கத்தி வைக்கக் கூடாது. குடுத்த வீட்டுக்காரரே ஆயுசு வரைக்கும் வச்சுக் காப்பாத்தணும். கிடா ஏத்துக்கிடாத வீட்டுல இன்னைக்குக் கறி தொடக் கூடாது." அப்புறம் குரலை உயர்த்தி, "அடுத்த முறை யாரு?" என்றார்.

தில்லைநாயகம் அதற்குள் கிடாவோடு நின்றார். செம்பு சாயுமுன்னே அவருடைய கிடா உதறிய உதறில் முதல் வரிசைக்கே மஞ்சள் நீராட்டு. பரிவட்டம் தில்லைநாயகத்தின் தலைக்குப் போனது. கங்கிலிருந்து ஈரல் மணம் வந்தது. தில்லைநாயகம் ஒரு துண்டு மென்று, மீசை இல்லாத உதட்டைத் துடைத்துக்கொண்டு, "அண்ணாச்சி, ஆட்டைத் தெனம் குளிப்பாட்டுனீரோ? தண்ணிக்குப் பழகின ஆடு எப்படிவே உதறும்?" என்று கேட்டார்.

அண்ணாச்சிக்கு அப்போதுதான் உறைத்தது. இருபத்தோரு நாள், ஒரு நாளைக்கு ஆறு சொம்பு, ரெண்டு கை மஞ்சள், ஒரு டப்பா மிட்டாய். இத்தனையும் அவர் கையால். சாமிக்கு முன்னால் நின்று அழ வேண்டும் போல இருந்தது. இருபத்திரண்டு வருஷம். இனி அடுத்த முறை வரும்போது வயசு எழுபத்தி ஆறு, மெல்லப் பல் இருக்குமோ என்னவோ.

வீட்டுக்கு வந்தார். துரை மாலையைப் பாதி தின்றுகொண்டே பின்னால் வந்தது. உமா இலை போட்டு, சோறு வைத்து, வாழைத்தண்டுக் கூட்டை அள்ளி வைத்தாள். அண்ணாச்சி கூட்டைப் பார்த்தார். அவளைப் பார்த்தார்.

"ஏட்டி, நெசத்தைச் சொல்லு. எல்லாம் உன் வேலைதான?"

"நானா? நான் என்னங்க செஞ்சேன்?"

"குளிப்பாட்ட வச்சது நீதான?"

"நல்லாருக்கே! குளிப்பாட்டாதீங்க, குளிப்பாட்டாதீங்கன்னு இருபத்தோரு நாளும் ஜன்னல்ல நின்னு தொண்டை வத்தக் கத்தினது யாரு? தெருவே கேட்டுச்சு."

அண்ணாச்சி சோற்றைப் பிசைந்தார். கேட்டது தெருதான், வாஸ்தவம்தான். சாட்சிக்கு ஒருத்தரைக் கூப்பிட்டாலும் அவள் பக்கம்தான் பேசுவார்கள். மேல் வாய், கீழ் உறிஞ்சி என்று ஹஸீபா சொன்னது நினைவுக்கு வந்தது. டிஸ்டோமா என்று அவள் சொன்ன வாயைத்தான் தென்காசிக்கும் திருவேங்கடத்துக்கும் சுமந்துகொண்டு திரிந்தார். பிடித்துக்கொண்ட இடம் அது இல்லை.

"அப்ப டிஸ்டோமா?" என்றார் கடைசியாக, ஈனஸ்வரத்தில்.

"அதான் டாக்டரே இல்லைன்னு எழுதிக் குடுத்துட்டாருல்லா. நீங்கதான் என்னைய நம்ப மாட்டேன்னு அவ்வளவு தூரம் போய்க் கேட்டுட்டு வந்தீங்க. கூட்டு இன்னும் கொஞ்சம் வைக்கட்டா?"

மறுநாள் காலையில் அண்ணாச்சி போர்வையை இழுத்து மூடிக்கொண்டு படுத்திருந்தார். புழக்கடைக் கதவில் டம் டம் என்று முட்டுகிற சத்தம். உமா வந்து தோளைத் தட்டினாள். கையில் பொட்டலம் ஒன்று இருந்தது.

"என்னங்க, மணி ஆறாச்சு. துரை வாளிகிட்ட வந்து நிக்கான். எழுந்திரிங்க, மஞ்சத்தூள் ஒரு கிலோவா வாங்கிட்டேன்."